கலாயோகி ஆனந்த குமாரசுவாமியும் திருக்கூத்தின் குறிப்பொருளும்

இறைவன் வாக்குக்கும் மனத்துக்கும் எட்டாதவன் என்று கூறும் நம் சமயமே, அவனுக்கு முக்கண்ணும் நாற்கரமும் எடுத்த திருவடியும் உண்டென்றும் கூறுகின்றது. இவ்விரண்டும் எவ்வாறு பொருந்தும் என்னும் வினா சைவப் பிள்ளைகளின் உள்ளத்தில் ஒரு நாள் எழாமற் போகாது. எழும்போது அதற்கு விடை கூறக் கடமைப்பட்டவர் வகுப்பில் நிற்கும் உபாத்தியாயரேயாவர். மிஷன் கல்லூரிகளிற் பயின்ற எம்போல்வார் இவ்வினாவை ஏளனமாகத் தொடுக்கப்பட்ட வடிவத்திலேயே முதலிற் கேட்டோம். திருவுருவத்தைக் கும்பிடக் கற்றுக் கொடுத்தோர் வீட்டிலே பலர் இருந்தனர். அதன் கையிலுள்ள உடுக்கை யாதைக் குறிக்கும் எனச் சொல்லித் தந்தோர் மிகச் சிலரே.

இவ்வினாவுக்கு உலகமெல்லாம் செவிசாய்க்கும்படி விடை கூறிய ஒருவரின் சரித்திரத்தை ஈண்டுச் சுருக்கிக் கூறுவாம். அவர் சைவ வித்தியாசாலையிற் பயின்றவரல்லர். தமிழ் வழங்கும் வீட்டில் வளர்ந்தவருமல்லர். கல்லை ஆராயும் தொழிலை மேற்கொண்டு இலங்கைக்கு வந்து, கல்லிலும் செம்பிலும் நம் முன்னோர் எழுதிவைத்த பொருளைப் படிக்கக் கற்றவர். அவரே கலாயோகி எனப் போற்றப்படும் ஆனந்த குமாரசுவாமி.

பிறப்பும் கல்வியும்

ஆனந்த குமாரசுவாமி 1877ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 22ஆந் திகதி கொழும்பிற் பிறந்தார். தந்தையார் சேர் முத்துக்குமாரசுவாமி நியாயதுரந்தரராயும் சட்டநிரூபண சபை அங்கத்தவராயும் விளங்கியவர். அரிச்சந்திர நாடகத்தை 1863இல் ஆங்கிலத்திலே தந்தவர். பாளி மொழியிலுள்ள சுத்தநிபாதத்தை 1874இல் ஆங்கிலப்படுத்தியவர். நம் சமயத்தையும் நாட்டையும் பிற நாட்டார் அறியச் செய்யும் விருப்பம் தந்தையாரிடத்திலேயே வேரூன்றியிருந்தது என்பது இதனாற் புலப்படும். தாயார் எலிசபெத் என்னும் ஆங்கிலேய மாது. சேர் பொன்னம்பலம் இராமநாதனும் சேர் பொன்னம்பலம் அருணாசலமும் முத்துக்குமாரசுவாமியின் சகோதரியார் புதல்வர். ஆதலின் ஆனந்தருக்கு மைத்துனர் முறையினர்.

குழந்தைக்கு இரண்டு வயது நிரம்புமுன் தாயார் அதனை இங்கிலாந்துக்குக் கொண்டு சென்றார். பின்தொடர்ந்து செல்ல எண்ணியிருந்த தந்தையார் 1879ஆம் ஆண்டு மே மாதத்திற் கொழும்பிலே தேகவியோகமாயினார். தந்தையின் முகத்தையும் மொழியையும் அறியாத பிள்ளை ஆங்கில நாட்டிலேயே வளர்ந்தது. விக்கிளிவ் கல்லூரியிலும் பின்னர் இலண்டன் சர்வகலாசாலைக் கல்லூரியிலும் பயின்ற ஆனந்தர், 1900இல் பூகர்ப்ப சாஸ்திரத்திலும் தாவர சாஸ்திரத்திலும் சிறப்புத் தேர்ச்சி பெற்றார்.

கல்லிலிருந்து கைவினைக்கு

1903ஆம் ஆண்டில் அவர் இலங்கைக் கனிப்பொருள் ஆராய்ச்சிப் பகுதியின் தலைவராயினார். நான்கு ஆண்டளவாக ஊர் ஊராய்ச் சென்று மலையையும் ஆற்றுப் படுகையையும் ஆராய்ந்தார். தோரியனைற் என்னும் அரிய கனிப்பொருளை இலங்கையிற் கண்டறிந்தவர் அவரே. இவ்வாராய்ச்சிகளின் பயனாக இலண்டன் சர்வகலாசாலை அவருக்கு விஞ்ஞான கலாநிதிப் பட்டம் வழங்கிற்று.

இத்தொழில் அவர் மனத்துக்கு ஒரு பயிற்சியாயிற்று என யாம் கருதுகின்றோம். பளிங்கின் முகங்கள் தற்செயலாய் அமைவன அல்ல. கண்ணுக்குத் தோன்றாத உள்ளமைப்பு யாது, அதனையே புறவடிவு காட்டும். வடிவைக் கண்டு உள்ளமைப்பை உணரப் பழகிய ஒருவர், திருவுருவத்தைக் கண்டு அதனைப் பொருளற்ற கற்பனையென்று தள்ளிவிட ஒருப்படார் அன்றோ?

கல்லைத் தேடிச் சென்ற கிராமங்களில் அவர் கண்டது வேறொன்று. வழிவழி வந்த கைவினைஞர் தொழிலிழந்து வாடினர். படித்த இளைஞர் தாய்மொழியையும் முன்னோர் ஒழுக்கத்தையும் நாணத்தக்கனவாக எண்ணினர். இந்நிலையை மாற்றுதற்பொருட்டு அவர் இலங்கைச் சமூகச் சீர்திருத்த சங்கத்தை நிறுவியவருள் முதல்வராய் நின்று, சுதேச பாஷைக் கல்வியையும் கைத்தொழிலையும் வற்புறுத்தினார். 1908இல் மத்தியகாலச் சிங்களக் கலையைப் பற்றிய பெருநூலை வெளியிட்டார். வில்லியம் மொறிஸ் என்னும் ஆங்கில அறிஞர் பயன்படுத்திய அச்சியந்திரத்திலேயே அந்நூல் அச்சிடப்பட்டது. பிரதிமை அமைப்போன் தன் மனம்போனவாறு அமைப்பதில்லை என்பதும், நூல் விதித்த அளவையும் தியானத்தையும் பற்றியே அமைப்பன் என்பதும், கண் திறக்கும் கிரியை இறுதியில் நிகழும் என்பதும் அதில் விரித்துரைக்கப்பட்டன. நம் ஆலயங்களில் நயனோன்மீலனம் செய்யும் ஸ்தபதியார் மரபும் இதுவே.

இக்காலத்தில் பொலன்னறுவையில் சைவர்க்குப் பேருவகை தரும் செயலொன்று நிகழ்ந்தது. 1907, 1908ஆம் ஆண்டுகளில் அங்குள்ள சிவாலயங்களை அகழ்ந்தபோது நடராசர், உமாதேவியார், சமயகுரவர் முதலியோரின் செப்புத் திருமேனிகள் வெளிப்பட்டன. சேர் பொன்னம்பலம் அருணாசலம் அத்திருமேனிகளைப் பற்றியும் சிவவழிபாட்டின் குறிப்பொருள் பற்றியும் ஆங்கிலத்திலே கட்டுரை வரைந்தார். ஆனந்தரும் கொழும்பு நூதனசாலையிலுள்ள செப்புத் திருமேனிகளைப் பற்றி 1914இல் நூல் வெளியிட்டார். மைத்துனர் இருவரும் ஒரு பொருளையே ஆராய்ந்தனர். ஒருவர் சைவ அனுபவத்தோடு எழுதினார், மற்றவர் கலையறிவோடு எழுதினார்.

திருக்கூத்து

ஆனந்தருடைய பெயரை நிலைநிறுத்தியது சிவநடனத்தைப் பற்றிய கட்டுரை. அது 1912இல் சென்னையிலிருந்து வெளிவந்த சித்தாந்த தீபிகை என்னும் பத்திரிகையில் முதன்முதல் வெளியாயிற்று. அப்பத்திரிகையை நிறுவியவர் சிவஞானபோதத்தை ஆங்கிலப்படுத்திய ஜே. எம். நல்லசுவாமிப்பிள்ளை. இளமையிலே தமிழ் கல்லாத ஆனந்தர், அவர் போன்றோரின் மொழிபெயர்ப்புக்களைத் துணையாகக் கொண்டே திருமந்திரத்தையும் உண்மைவிளக்கத்தையும் அணுகினார். ஆகவே உலகம் புகழ்ந்த அக்கட்டுரையின் வேர் நம் சாத்திரத்திலே உள்ளது. இதனை நம் பிள்ளைகள் அறிதல் வேண்டும்.

அக்காலத்து ஐரோப்பியருட் பலர் நம் திருவுருவங்களைக் கண்டபோது கைகளையே எண்ணினர். மனிதவுடலுக்கு இரண்டு கையன்றோ, நான்கு கையுள்ள உருவம் அழகாகுமோ என்று கேட்டனர். ஆனந்தர் அவர்களோடு வாதாடவில்லை. கைகளை எண்ணாது படிக்கும்படி காட்டினார்.

படித்தல் என்று யாம் கூறுவதை உபாத்தியாயர்கள் எளிதில் உணர்வார்கள். நம் இலக்கண நூலார் எழுத்தை ஒலிவடிவு என்றும் வரிவடிவு என்றும் இரண்டாகப் பகுத்தனர். அகரத்தின் ஒலிக்கு நீளமும் இல்லை, வளைவும் இல்லை. ஆயினும் ஏட்டில் அதற்கு ஒரு வடிவு வரைகின்றோம். எழுத்தறியாதான் அதனைக் கண்டு வளைந்த கோடு என்பான். அவன் கூற்றுப் பொய்யன்று. அவன் படித்திலன், அவ்வளவே. எழுத்தறிந்தான் நாவிலோ கோடு மறைந்து ஒலி எழும். அவ்வரிவடிவை ஒவ்வொருவரும் தத்தம் விருப்பப்படி மாற்றி எழுதுவாராயின் படிப்பு ஒழியும். திருவுருவத்துக்குச் சிற்பநூல் அளவும் அடையாளமும் வரையறுத்தது இக்காரணம் பற்றியே.

இனி அத்திருவுருவத்தைப் படிப்போம். வலப்பக்கத்துப் பின்கையிலே உடுக்கை. அதன் ஒலி படைத்தலைக் குறிக்கும். ஒலியே தோற்றத்தின் முதலென்பது நம் நூல்களின் துணிபு. இடப்பக்கத்துப் பின்கையிலே தீ. அது அழித்தலைக் குறிக்கும். வலப்பக்கத்து முன்கை அஞ்சற்க என அமைந்தது, அது காத்தல். முயலகன்மேல் ஊன்றிய திருவடி மறைத்தல். தூக்கிய திருவடி அருளல். இடப்பக்கத்து முன்கையோ அத்தூக்கிய திருவடியைச் சுட்டி, உயிர் சேரவேண்டிய இடம் அதுவெனக் காட்டி நிற்கின்றது. ஐந்தொழிலும் ஒரு திருமேனியில் ஒருங்கு நிகழ்கின்றன.

மெய்கண்டார் மாணாக்கருள் ஒருவரான திருவதிகை மனவாசகங்கடந்தார் தாமருளிய உண்மைவிளக்கத்தில் இதனையும் கடந்து செல்கின்றார். உடுக்கை ஏந்திய கரம் சிகரம், வீசிய கரம் வகரம், அபயகரம் யகரம், தீயேந்திய கரம் நகரம், திருவடிக்கீழ்க் கிடக்கும் முயலகன் மகரம் எனக் காட்டி, திருமேனி முழுவதையும் திருவைந்தெழுத்தாகவே அமைக்கின்றார். சுற்றிய திருவாசி ஓங்காரம். திருவுருவத்தை எழுத்தெனக் கொண்டு படித்தல் யாம் புதிதாகக் கூறும் உவமையன்று. நம் ஆசாரியர் முன்னரே வகுத்த நெறி என்பது இதனால் விளங்கும்.

ஆனந்தர் இக்கூத்தின் கருத்தை மூன்றாகத் திரட்டினார். உலகத்தில் நிகழும் அசைவு அனைத்துக்கும் மூலம் இறைவனது ஆடல் என்பது ஒன்று. எண்ணிறந்த உயிர்களை மயக்கத்தினின்றும் விடுவித்தலே அவ்வாடலின் நோக்கம் என்பது மற்றொன்று. அவ்வாடல் நிகழும் தில்லை உலகின் நடுவாகும், அந்நடு உயிரின் இதயத்துள்ளேயே இருக்கின்றது என்பது மூன்றாவது. சுடுகாட்டில் ஆடுகின்றான் என்பதற்கும் அவர் இம்முறையே பொருள் கண்டார். யான் எனது என்னும் செருக்கு வெந்து நீறான அடியார் உள்ளமே அச்சுடுகாடு. பேயும் பிணமும் நிறைந்த இடத்திலா உங்கள் கடவுள் ஆடுவார் என்று எள்ளினார்க்கு இதனினும் தக்க விடை யாதுளது?

முயலகனைப் பற்றி ஒரு சொல் கூறுதல் வேண்டும். பெருமான் அவனைக் கொன்றிலன். மிதித்து அடக்கியே நிற்கின்றான். முயலகன் மும்மலத்துள் மூலமாகிய ஆணவத்தின் குறி. ஆணவம் அநாதியாதலின் முற்றாக அழிவதில்லை, அதன் சத்தியே மடங்கும் என்பது சித்தாந்தம். நுண்ணிய இச்சாத்திரக் கருத்தைச் சிற்பி ஒருவன் திருவடியின் கீழே செம்பில் வார்த்துக் காட்டிவிட்டான். பத்து வயதுப் பிள்ளைக்கும் காட்டிக் கற்பிக்கத்தக்க வடிவில் அது நிற்கின்றது.

நூதனசாலையில்

ஆனந்தர் வட இந்தியாவிற் பலகாலம் சுற்றிச் சித்திரங்களையும் சிற்பங்களையும் தொகுத்தார். காசியில் ஒரு தேசிய நூதனசாலை அமையுமாயின் அவற்றை அங்கே வைக்க விரும்பினார். அதற்கு வேண்டிய பொருளுதவி கிட்டவில்லை. 1917இல் அத்தொகுதி அமெரிக்காவிலுள்ள பொஸ்ரன் நகர நுண்கலை நூதனசாலையைச் சேர்ந்தது. அதனோடு ஆனந்தரும் அங்குச் சென்று இந்தியக் கலைப் பகுதியின் காப்பாளராயினார். அதன்பின் முப்பதாண்டு அவர் உழைத்தது அந்நூதனசாலையிலேயே. சிவநடனக் கட்டுரையை முதன்மையாகக் கொண்ட பதினான்கு கட்டுரைகளின் தொகுதி 1918இல் நியூயோர்க்கில் வெளிவந்தது. 1922இல் வந்த அதன் பிரெஞ்சு மொழிபெயர்ப்புக்கு ரோமேன் றோலண்ட் முகவுரை எழுதினார்.

வழிபாட்டுக்குரிய திருமேனிகள் கண்ணாடிப் பெட்டியுள் நிற்றல் தகுமோ என்பார்க்கு ஆனந்தரே இடந்தந்துள்ளார். நூதனசாலையில் உள்ள பொருள்கள் நூதனசாலைக்கென்று செய்யப்பட்டன அல்ல என்பதை அவர் மறைத்தாரல்லர். விநோதம் காட்டுதற்கன்றி, அப்பொருள் எதன்பொருட்டு ஆக்கப்பட்டது என அறிவித்தற்கே நூதனசாலை உரியது என்று எழுதினார். அழகு பார்த்து மகிழ்தலோடு நிற்பவன் கடிதத்தின் எழுத்தழகை வியந்து செய்தியைப் படியாதவனை ஒப்பான். இதுவே அவர் தம் பிற்கால நூல்களெல்லாம் வற்புறுத்திய கருத்தின் சாரம் எனலாம்.

அப்பிற்கால நூல்களில் அவர் வேதம், பௌத்தம், பிளேட்டோவின் தத்துவம், மத்தியகாலக் கிறித்தவ ஞானிகளின் நூல்கள் என்பவற்றை ஒப்பிட்டு ஆராய்ந்து, சமயங்களின் குறியீடுகள் ஒரு பொதுமொழியின் பல வழக்குகள் போல்வன எனக் கண்டார். குறியீடு என்பது மனிதர் தம்முள் உடன்பட்டு இட்ட அடையாளம் மாத்திரம் அன்று என்பதும் அவர் கொள்கை. மேல்நிலையில் உள்ள உண்மைக்கும் கீழ்நிலையில் உள்ள அதன் ஒப்புக்கும் மெய்யான இயைபு உண்டு என்பர்.

இவ்விடத்திற் சைவசித்தாந்திகள் சிறிது நின்று நோக்குதல் வேண்டும். ஆனந்தர் பிற்காலத்தில் ஏகான்ம வேதாந்தச் சார்பு மிக்கவராயினார். உயிரும் இறையும் பற்றிய அவர் முடிபுகள் சில நம் முப்பொருட் கொள்கையோடு ஒவ்வா. அன்றியும், மேலே யாம் கூறிய வரிவடிவு உவமைக்கும் எல்லை உண்டு. வரிவடிவை வகுத்தவன் மனிதன். திருமேனியோ, உயிர்கள் உய்தற்பொருட்டு இறைவன் தன் அருளே வடிவாகக் கொண்டது என்பது நம் சாத்திரம். சிவஞானபோதத்துப் பன்னிரண்டாஞ் சூத்திரம் அடியார் திருவேடத்தையும் ஆலயத்தையும் அரனெனவே தொழும்படி விதித்தது. ஆகவே குறியைப் படித்தறிந்தவுடன் அதனைக் கைவிட்டுவிடலாம் என்பது சைவர் கருத்தன்று. அறிந்தபின் தொழுகை ஆழ்ந்து செல்லும், ஒழிந்துபோகாது. இலிங்கம் என்னும் சொல்லுக்குக் குறி என்பது பொருளாயினும், அக்குறியின்கண் இறைவன் விளங்குகின்றான் என்றே நாம் வழிபடுகின்றோம். ஆனந்தர் கலையின் வாயிலாக நம்மைத் திருக்கோயிலின் வாயில் வரை அழைத்துச் செல்கின்றார். உள்ளே செல்லுதற்குக் குருவும் சாத்திரமும் வேண்டும்.

நமக்கு உரியது

1947ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில் அவருக்கு எழுபது வயது நிரம்பிற்று. பொஸ்ரனில் நடந்த பாராட்டு விருந்திலே, இந்தியாவுக்குத் திரும்பி எஞ்சிய நாளைக் கழிக்கத் தாம் எண்ணியிருப்பதைத் தெரிவித்தார். அவ்வெண்ணம் நிறைவேறவில்லை. அவ்வாண்டு செப்டெம்பர் மாதம் 9ஆந் திகதி அமெரிக்காவிலேயே தேகவியோகமாயினார்.

ஜெனீவா நகரை அடுத்துள்ள ஐரோப்பிய அணுத்துகள் ஆராய்ச்சி நிலையத்தில் 2004ஆம் ஆண்டு ஆனித் திங்களில் நடராசர் திருவுருவம் ஒன்று நிறுவப்பட்டது. இந்திய அரசாங்கம் அதனை அன்பளிப்பாக வழங்கிற்று. அதனருகே பொறித்த பலகையில் ஆனந்த குமாரசுவாமியின் வாக்கியமும் இடம்பெற்றுள்ளது. அணுவின் உள்ளே ஓயாது நிகழும் அசைவை ஆராய்வோர், அசைவுக்கெல்லாம் மூலமான கூத்தின் வடிவைத் தம் முற்றத்தில் வைத்துக்கொண்டனர். இது கண்டு மகிழ்கின்றோம். ஆயின் பிற நாட்டார் மதித்தனர் என்பதனாலேயே நம் பொருள் உயர்ந்தது என்று பிள்ளைகளுக்குக் கற்பித்தல் தகாது. ஜெனீவாவில் வைக்குமுன்னும் அது அம்பலத்திலே ஆடிக்கொண்டுதான் இருந்தது. விஞ்ஞானம் தன் முடிபுகளை நாளை மாற்றிக்கொள்ளவும் கூடும். ஐந்தொழிலின் உண்மை அவற்றைச் சார்ந்து நிற்பதன்று.

சைவ உபாத்தியாயர்களே, இச்சரித்திரத்தால் நாம் மேற்கொள்ளத்தக்கது ஒன்றே. இரண்டு வயதிலே நாட்டையும் தந்தையையும் இழந்து, தமிழறியாது வளர்ந்த ஒருவர், முதிர்ந்த வயதில் முயன்று நம் திருவுருவத்தைப் படிக்கக் கற்றார். கோயில் மணியோசை கேட்டு வளரும் நம் பிள்ளைகள் அதனைப் படியாமலே பாடசாலையை விட்டு நீங்குவாராயின் அக்குறை யாருடையது? மார்கழித் திருவாதிரையும் ஆனி உத்தரமும் ஆண்டுதோறும் வருகின்றன. அவ்விரு விழாவுக்கும் முந்திய வாரத்தில் ஒரு பாடவேளையை ஒதுக்கி, நடராசர் படமொன்றை முன்வைத்து, உடுக்கை முதல் தூக்கிய திருவடி ஈறாக ஒவ்வொன்றையும் தொட்டுக் காட்டிப் பிள்ளைகளைக் கேட்டுச் சொல்லச் செய்யுங்கள். இதற்குப் பெருநூல் வேண்டுவதில்லை. உண்மைவிளக்கத்துச் சில செய்யுட்களே போதும். அதன்பின் திருவிழாவில் எம்பெருமான் வீதிக்கு எழுந்தருளும்போது, கூட்டத்தில் நின்று எட்டிப் பார்க்கும் பிள்ளை வெறும் அலங்காரத்தை மாத்திரம் காணாது. அஞ்சற்க என்னும் கையையும், அக்கைக்கு அப்பால் தனக்கென்றே தூக்கிநின்ற திருவடியையும் கண்டு கைகூப்பும்.

திருச்சிற்றம்பலம்.